வானிலையும் நினைவும்

நுழையும்முன்

வெயிலும் மழையும் காற்றும் நிலத்தை மட்டும் மாற்றுவதில்லை. மனித மனத்திலும் தடம் பதிக்கின்றன. ஒரு மழை, மறந்துபோன நாளொன்றை மீட்டுத் தரும். ஒரு புயல், ஓர் ஊரின் காலக்கணக்கையே மாற்றும். ஆனால், வந்துபோன வானிலையை மனிதர் எவ்வளவு காலம் நினைவில் வைத்திருக்கின்றனர்? நெய்வேலியை மையமாகக் கொண்டு இவ்வினாவை ஆராய்கிறது இப்பாடம்.

கற்பனைப் பனிமூட்டம்

மக்களின் நினைவை அழிக்கும் வானிலை ஒன்று இருந்தால் என்ன ஆகும்? ஆங்கில எழுத்தாளர் கசுவோ இஷிகுரோ 2015ஆம் ஆண்டு வெளியிட்ட 'தி பரீடு ஜயன்ட்' என்னும் புதினம் இக்கற்பனையின்மேல் எழுந்தது. பழங்கால பிரிட்டனில் பனிமூட்டம் ஒன்று பரவுகிறது. அதன் பிடியில் இருப்போர் பெற்ற மகனைக்கூடத் தெளிவாக நினைவுகூர இயலாமல் தவிக்கின்றனர். அதே மூட்டம், முன்பு நிகழ்ந்த போரின் பகையையும் மறக்கச் செய்திருக்கிறது. பனி விலகினால் அன்பும் மீளும், பகையும் மீளும்.

இத்தகைய பனி இயற்கையில் இல்லை. மார்கழி விடியலில் நெய்வேலி நகரியத்தின் வட்டங்களைப் போர்த்தும் பனி, எதிரே வரும் வண்டியை மறைக்குமேயன்றி எவர் பெயரையும் மறக்கச் செய்யாது. எனினும், வானிலைக்கும் நினைவுக்கும் உள்ள உறவு வெறும் கற்பனை அன்று.

மண்மணம் தரும் மீட்சி

கோடைக்குப்பின் பெய்யும் முதல்மழையில் எழும் மண்மணம் பலருக்கும் இளமைக்கால நினைவுகளை எழுப்புகிறது. இம்மணத்தை ஆராய்ந்த ஆஸ்திரேலிய அறிவியலாளர் இசபெல் ஜாய் பேர், ரிச்சர்ட் தாமஸ் ஆகிய இருவரும் 1964ஆம் ஆண்டு அதற்குப் 'பெட்ரிகோர்' எனப் பெயரிட்டனர். வறண்ட காலத்தில் மண்ணிலும் பாறையிலும் படியும் தாவர எண்ணெய்களும், மண்ணில் வாழும் நுண்ணுயிரிகள் உருவாக்கும் 'ஜியோஸ்மின்' என்னும் வேதிப்பொருளும் இம்மணத்துக்குக் காரணமாகின்றன. மழைத்துளி மண்ணில் மோதும்போது சிறு காற்றுக்குமிழிகள் உருவாகி வெடித்து, இப்பொருள்களை நுண்துகள்களாகக் காற்றில் பரப்புகின்றன.

முகர்தல் உணர்வு, உணர்ச்சியையும் நினைவையும் கையாளும் மூளைப்பகுதிகளோடு மிக நெருங்கிய தொடர்புடையது. எனவேதான் ஒரு மணம், அதனோடு சேர்ந்த இடத்தையும் மனிதரையும் ஒருசேர நினைவுக்குக் கொண்டுவருகிறது.

தமிழ் இலக்கணம் இவ்வுறவை முன்பே அறிந்திருந்தது. முல்லைத் திணையின் பெரும்பொழுது கார்காலம். பிரிந்து சென்ற தலைவனின் சொல்லைத் தலைவிக்கு நினைவூட்டுவது அப்பருவத்தின் மழையே. குறுந்தொகையின் 66ஆம் பாடலில் கொன்றை பூத்ததைக் கண்டு தலைவி கலங்குகிறாள். பருவமல்லாப் பருவத்தில் பெய்த மழையைக் கார்காலமென்று எண்ணிக் கொன்றை ஏமாந்து பூத்துவிட்டது என்று கூறித் தோழி அவளைத் தேற்றுகிறாள்.

புயலே நாட்காட்டி

மழை தனிமனிதரின் நினைவைத் தொடுகிறது. பெரும்புயல் ஓர் ஊரின் பொதுநினைவாகிறது. 2011 டிசம்பர் 30 அன்று காலையில் 'தானே' புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே கரையைக் கடந்தது. நெய்வேலி நகரியத்தின் சாலையோர மரங்கள் சாய்ந்தன. பண்ருட்டிப் பகுதியின் பலாத்தோப்புகளும் முந்திரிக்காடுகளும் பேரழிவுக்கு உள்ளாயின. பலா, நட்டவுடன் பயன்தரும் பயிர் அன்று. தாத்தா நட்டதன் பழத்தைப் பேரன் உண்ணும் மரம். ஆகவே, ஒரு மரம் வீழ்ந்தபோது ஒரு குடும்பத்தின் வருவாயோடு அதன் வரலாற்றுச் சான்றும் வீழ்ந்தது.

அதன்பின் திருமணமும் பிள்ளைப்பேறும் வீடு கட்டியதும் 'தானேக்கு முன்', 'தானேக்குப் பின்' எனக் கணக்கிடப்படலாயின. இராமேசுவரம் பகுதியினர்க்கு 1964 டிசம்பரில் தனுஷ்கோடியை அழித்த புயலும், இலங்கையின் மட்டக்களப்பு மக்களுக்கு 1978 நவம்பர்ப் புயலும் இத்தகைய காலக்குறிகள். நாள்காட்டி எல்லா நாள்களையும் ஒன்றாகக் காட்டும். புயல் ஒரு நாளை மட்டும் தனித்து நிறுத்தும்.

நினைவின் பிழை

ஆழப் பதிந்த நினைவெல்லாம் உண்மையானதா? 1986ஆம் ஆண்டு 'சேலஞ்சர்' விண்ணோடம் வெடித்துச் சிதறியது. அச்செய்தியை எங்கே, எவ்வாறு அறிந்தனர் என்பதை அமெரிக்கக் கல்லூரி மாணவர்கள் மறுநாளே எழுதித் தந்தனர். ஏறத்தாழ இரண்டரை ஆண்டுகளுக்குப் பிறகு அதே வினா அவர்களிடம் மீண்டும் கேட்கப்பட்டது. நான்கில் ஒருவர், தாம் முன்பு எழுதியதற்கு முற்றிலும் மாறாக விடையளித்தனர். பிழையாகச் சொன்னவர் பலரும் தம் நினைவைப் பெரிதும் நம்பினர். உல்ரிக் நைசர், நிகோல் ஹார்ஷ் ஆகியோரின் இவ்வாய்வு, தெளிவான நினைவும் தவறாக இருக்கலாம் என்பதைக் காட்டியது.

வானிலையைப் பொறுத்தவரை மறதி இன்னும் விரைவானது. அமெரிக்க மக்கள் சமூக ஊடகத்தில் வெப்பநிலை குறித்து எழுதியவற்றை ஆராய்ந்து 2019ஆம் ஆண்டு ஓர் ஆய்வு வெளியானது. இயல்பான வானிலை எது என்பதை மக்கள் கடந்த இரண்டு முதல் எட்டு ஆண்டுகளின் பட்டறிவைக் கொண்டே முடிவு செய்கின்றனர் என்று அது கண்டறிந்தது. மாறிவரும் வெப்பம் சில ஆண்டுகளிலேயே பழகிப்போய்விடுகிறது.

இங்குதான் கற்பனைப் பனிமூட்டம் உண்மையாகிறது. நினைவை அழிக்கும் வானிலை ஒன்று இருக்கவே செய்கிறது. அது புயலன்று, மழையன்று, பனியுமன்று. தொடர்ந்து சில ஆண்டுகள் நிலவும் அமைதியான வானிலையே அது. வெள்ளம் வராத ஆண்டுகள் கூடக்கூட, நீர் ஓடிய வழி வெற்றிடமாகத் தோன்றுகிறது. வாய்க்கால் குப்பைமேடாகிறது, ஏரிக்கரையில் வீடு எழுகிறது.

மண்ணடியில் ஓர் ஏடு

மனிதர் மறப்பதை மண் மறப்பதில்லை. 1930களில் கிணறு தோண்டியபோது வெளிப்பட்ட கருந்துகள்கள் நெய்வேலியின் பழுப்பு நிலக்கரியை உலகுக்கு அறிவித்தன. 1956ஆம் ஆண்டு நெய்வேலி பழுப்பு நிலக்கரி நிறுவனம் தோன்றியது. மனித இனம் தோன்றுவதற்கு நெடுங்காலம் முன்பே, சதுப்புநிலத்தில் வளர்ந்த செடிகொடிகள் புதையுண்டு இந்நிலக்கரியாயின. அதனுள் அக்காலத் தாவரங்களின் மகரந்தத் துகள்கள் இன்றும் காணப்படுகின்றன. அவற்றைக் கொண்டு அன்றைய காடு எது, காலநிலை எத்தகையது என்பதை அறிவியலாளர் கணிக்கின்றனர். சுரங்கத்தின் கரும்படிவம் எரிபொருள் மட்டுமன்று. பழைய மழைகளின் ஏடுமாகும்.

நினைவும் பதிவும்

மண் தானே எழுதிக்கொள்கிறது. மனிதரோ முயன்று எழுத வேண்டும். இந்திய வானிலை ஆய்வுத்துறை 1875ஆம் ஆண்டு நிறுவப்பட்டது. மழைமானியில் நாள்தோறும் அளந்து குறிக்கப்படும் எண், பழகிப்போவதும் இல்லை, மிகைப்படுத்துவதும் இல்லை. 2015 நவம்பரில் நெய்வேலியில் ஒரே நாளில் 483 மில்லிமீட்டர் மழை பதிவானது. 'அப்படியொரு மழை பெய்ததா?' என்று பின்னாளில் எவர் ஐயுற்றாலும் அந்த எண் விடையளிக்கும்.

ஆயினும் எண் எல்லாவற்றையும் சொல்லிவிடாது. எந்தத் தெருவில் முதலில் நீர் புகுந்தது, எந்த மேட்டில் மக்கள் ஒதுங்கினர், எந்த வாய்க்கால் அடைபட்டிருந்தது என்பவற்றை அந்த ஊரின் முதியவர்களே அறிவர். நினைவைப் பதிவு திருத்த வேண்டும். பதிவை நினைவு நிறைவு செய்ய வேண்டும். இரண்டையும் கைவிடாத ஊரே அடுத்த புயலை அறிந்து எதிர்கொள்ளும்.

தெரிந்து தெளிவோம்

ஒரு மில்லிமீட்டர் மழை என்பது ஒரு சதுர மீட்டர் பரப்பில் ஒரு லிட்டர் நீர் விழுவதாகும். 483 மில்லிமீட்டர் மழையில் 100 சதுர மீட்டர் மொட்டைமாடியில் விழும் நீரின் அளவு 48,300 லிட்டர்.

கற்பவை கற்றபின்

1. உங்கள் ஊர் முதியோர் மூவரிடம் ஒரே புயலையோ வெள்ளத்தையோ பற்றிக் கேட்டு எழுதுக. அவர்கள் கூற்றுகள் ஒன்றுபடும் இடங்களையும் வேறுபடும் இடங்களையும் பட்டியலிடுக.
2. 'அமைதியான வானிலையே மறதியை வளர்க்கிறது' என்னும் கருத்து குறித்து வகுப்பறையில் கலந்துரையாடுக.