மலைத்தொடர்கள் கிடக்கும் திசை

உலகின் மிகவுயர்ந்த சிகரம் யாதென வினவின், எவரெஸ்ட் என்றும், அதன் உயரம் 8,849 மீற்றர் என்றும் மாணவர் தயங்காது விடை பகர்வர். அச்சிகரத்தைத் தாங்கும் மலைத்தொடர் எத்திசையில் நீண்டு கிடக்கின்றது, அதனால் விளைவது யாது என வினவின், விடை கூறுவோர் சிலரேயாவர். உயரம் மலைக்குப் பெருமை தரும். அது கிடக்கும் திசையோ மக்கள் வாழ்வை வகுக்கும். இவ்வுண்மையை உலகின் பெருமலைகள் சிலவற்றின்கண் வைத்து ஈண்டு நோக்குவாம்.

மேற்குக் கிழக்காகக் கிடக்கும் தொடர்களுள் தலையாயது இமயம். மேற்கே நங்க பர்வதம் முதல் கிழக்கே நம்சா பர்வா வரை ஏறத்தாழ 2,400 கிலோமீற்றர் வில்லென வளைந்து கிடக்கும் இது, இந்திய நிலத்தகடு வடக்கே பெயர்ந்து ஆசியத் தகட்டோடு மோதியமையால் எழுந்தது. வடபுலத்துக் குளிர்காற்று தெற்கே புகாது தடுப்பதும், தென்கடலிலிருந்து வரும் பருவக்காற்றை மறித்து மழையாக்குவதும் இத்தொடரே. சிந்து, கங்கை, பிரமபுத்திரா என்னும் பேராறுகளின் சமவெளிகள் வளம்பெற, அப்பாலுள்ள திபெத்து வறண்ட மேட்டுநிலமாயிற்று.

ஐரோப்பாவின் அல்ப்ஸ் மலையும் பெரும்பாலும் இத்திசையிற் கிடப்பதே. பண்டைப் பனியூழிகளிற் குளிருக்கஞ்சித் தெற்கே பரவவேண்டியிருந்த மரவினங்கள் பல, இம்மலைகள் குறுக்கிட்டமையால் ஐரோப்பாவில் அற்றொழிந்தன என்பர் தாவரவியலார். மலைகள் வடக்குத் தெற்காயமைந்த வட அமெரிக்காவிலோ, மக்னோலியா போன்ற மரங்கள் தெற்கே பெயர்ந்து பிழைத்தன.

எனினும், மரங்களுக்கு வழிவிட்ட அவ்வமைப்பே மனிதருக்கு இடராதலும் உண்டு. மேற்கே ரொக்கி மலையும் கிழக்கே அப்பலாச்சியன் மலையும் நிற்க, இடைப்பட்ட பெருஞ்சமவெளியில் வடதுருவக் குளிர்காற்றை மறிப்பார் எவருமிலர். 2021ஆம் ஆண்டு பெப்ரவரியில் அக்காற்று தெற்கேயுள்ள ரெக்சாஸ் மாநிலம் வரை பாய்ந்தது. மின்வழங்கலும் நீர்வழங்கலும் தடைப்பட, 200க்கு மேற்பட்டோர் உயிரிழந்தனர்.

தென் அமெரிக்காவின் அந்தீஸ், ஏறத்தாழ 7,000 கிலோமீற்றர் வடக்குத் தெற்காய் நீண்டு, நிலத்தின்மீதுள்ள தொடர்களுள் மிக நெடியதாய் விளங்குகின்றது. இதன் வடபாதியிற் கீழ்க்காற்று வீசுதலின் கிழக்கே அமேசன் காடு செழிக்கின்றது. மலையின் மறைவோடு குளிர்ந்த கடல்நீரோட்டமுஞ் சேர மேற்கே அற்றக்காமா பாலையாயிற்று. தென்கோடியிலோ மேல்காற்று வீசுதலின், மேற்கே தென்சிலி மழைபெற, கிழக்கே பற்றக்கோனியா வறள்கின்றது. மலை ஒன்றே, காற்று மாற, வளமும் வறட்சியும் பக்கம் மாறின.

நமது மலைநாடு இவற்றின்முன் மிகச் சிறியது, விதி ஒன்றே. தென்மேல் பருவக்காற்றை அது மறிப்பதால் மேற்குச் சரிவு மழையில் நனைய, மலைகடந்து மட்டக்களப்பை அடையுங் கச்சான் வெம்மையும் வறட்சியும் உடையதாய் வீசுகின்றது. அங்குள்ள உழவர் இதனை நூல்வழி அறியவேண்டுவதில்லை.

ஆதலின் மாணவர் தேசப்படத்தை விரிக்குங்கால், மலையின் பெயரையும் உயரத்தையும் மனனஞ் செய்வதோடு அமையாது, அது எத்திசையிற் கிடக்கின்றது, காற்று எத்திசையினின்று வருகின்றது, மறைவிலே வாழ்வோர் யாவர் என மூன்று வினாக்களை எழுப்புவாராக. பெயர்கள் தேர்வு முடிய மறக்கலாம். வினவும் பழக்கம் மறவாது.