மகேந்திரவர்மனின் பல்கலைப் படைப்பாக்கம்: சான்றும் ஊகமும்

முன்னுரை

கி.பி. 7ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் காஞ்சியிலிருந்து ஆண்ட முதலாம் மகேந்திரவர்மன் கட்டடம், நாடகம், ஓவியம், இசை ஆகியவற்றில் வல்லவனாகப் போற்றப்படுகிறான். இத்துறைகளுக்குரிய சான்றுகள் ஒரே வலிமையுடையன அல்ல என்பதை இக்கட்டுரை நிறுவ முயல்கிறது.

கல்லும் நாடகமும்

செங்கல், மரம், உலோகம், சுதை இன்றிப் பிரமன், ஈசுவரன், திருமால் ஆகியோர்க்கு விசித்திரசித்தன் கோயில் எடுத்தான் என மண்டகப்பட்டு வடமொழிக் கல்வெட்டு கூறுகிறது. வழக்கமான பொருள்களை விலக்கியமையே இங்குச் சாதனையாகச் சொல்லப்படுகிறது. மத்தவிலாசப் பிரகசனத்தில், காஞ்சியில் காபாலிகனின் கபாலம் காணாமற்போகப் பௌத்தத் துறவிமீது பழி விழுகிறது. கவர்ந்து சென்றதோ நாய். ‘மத்தவிலாசன்’ என்பது அரசனின் விருதுப்பெயருமாதலின் நாடகத்தையும் குடைவரைக் கல்வெட்டுகளையும் அது பிணைக்கிறது.

ஓவியமும் இசையும்

‘சித்திரகாரப்புலி’ என்னும் விருது ஓவிய ஈடுபாட்டைக் காட்டும். அவன் கையால் வரைந்ததென உறுதிப்படும் ஓவியம் இல்லை. குடுமியான்மலை இசைக் கல்வெட்டு, உருத்திராசாரியரின் மாணாக்கனான பரமமாகேசுவர அரசனைச் சுட்டுகிறதேயன்றி அவன் பெயரைக் கூறவில்லை. எழுத்தமைதியும் ‘சங்கீர்ணசாதி’ என்னும் விருதும் துணையாகக் காட்டப்படினும், மகேந்திரன் பல்கலை வல்லவனாதலின் இஃது அவனுடையது, இஃது அவனுடையதாதலின் அவன் இசைவல்லவன் என்னும் வாதம் சுழல்வாதமே.

முடிவுரை

கட்டடத்திற்கும் நாடகத்திற்கும் நேர்ச்சான்று உண்டு. ஓவியத்திற்கு விருதுப்பெயர் உண்டு. குடுமியான்மலை இசைக்கு ஊகமே உண்டு. இவ்வேறுபாட்டைப் பேணுதல் அவன் புகழைக் குறைக்காது; பெயர் கூறாத ஓர் இசைவாணனின் உரிமையையும் காக்கும்.