தரவுலகில் இறப்பு: டிஜிமோன் தொடர்களில் உயிரும் மீட்சியும்

தரவால் ஆன உலகில் ஓர் உயிர் இறத்தல் கூடுமா என்னும் வினா முதற்பார்வையில் விளையாட்டாகத் தோன்றலாம். கணினிக் கோப்பு ஒன்றை எத்துணை முறையும் படியெடுக்கலாம். மூலத்துக்கும் படிக்கும் வேறுபாடு இராது. உயிருக்கு அவ்வியல்பு இல்லை. ஆகவே தரவையே உயிராகக் கற்பிக்கும் புனைவு, தரவின் இயல்பையோ உயிரின் இயல்பையோ ஓரளவேனும் விட்டுக்கொடுத்தாக வேண்டும். எதனை விட்டுக்கொடுக்கிறது என்பதிலேயே அப்புனைவின் அறநோக்கு வெளிப்படுகிறது. ஜப்பானிய அசைவூட்டத் தொடர்களான டிஜிமோன் அட்வென்சர் (1999-2000), டிஜிமோன் டேமர்ஸ் (2001-2002) ஆகிய இரண்டையும் இவ்வினாவின் வழி இக்கட்டுரை ஆராய்கிறது.

இத்தொடர்களின் வேர் ஒரு கைப்பொம்மையில் உள்ளது. பண்டாய் நிறுவனம் 1996இல் தமகோச்சியையும், 1997இல் அதன் உடன்பிறப்பு எனத்தக்க டிஜிட்டல் மான்ஸ்டரையும் வெளியிட்டது. சிறு திரையில் முட்டையிலிருந்து வெளிவரும் உயிரிக்கு உணவூட்டி, கழிவகற்றி, பயிற்சியளித்து வளர்க்க வேண்டும். இரு பொம்மைகளை இணைத்துப் போரிடவும் செய்யலாம். கவனிப்பு தவறினால் உயிரி இறக்கும். பின்னர் மற்றொரு முட்டை தோன்றும். குழந்தை அழுவதற்கும் மறுபடி தொடங்குவதற்கும் அப்பொம்மை ஒருங்கே இடமளித்தது. அட்வென்சர் தொடரின் உலகியல் இந்த இயந்திர விதியைக் கதையாக விரித்ததே எனலாம்: அவ்வுலகில் மடியும் டிஜிமோன்கள் துகளாய்ச் சிதறித் தொடக்க ஊரில் முட்டைகளாக மீள்கின்றன.

அட்வென்சரின் நிலப்பரப்பு பெயரளவில் கணினி சார்ந்தது. ஃபைல் தீவு, சர்வர் கண்டம் என இடங்கள் அமைகின்றன. கடற்கரையில் நிற்கும் தொலைபேசிக் கூண்டுகளில் பொருளற்ற செய்திகளே ஒலிக்கின்றன. ஆலை ஒன்று பொருள்களை இணைத்து முடித்தபின் மீண்டும் பிரித்துப் போடுகிறது. அவ்வாலையில் நிகழும் சிறு கண்டுபிடிப்பு தொடரின் திறவுகோல் எனத்தக்கது. சுவரில் எழுதப்பட்ட நிரலின் ஒரு பகுதியைக் கோஷிரோ என்னும் சிறுவன் அழிக்கிறான். உடனே ஆலை இருளில் மூழ்குகிறது. எழுத்தே அங்கு ஆற்றல். பெயரும் பொருளும் அங்கு இரண்டல்ல.

இக்கண்டுபிடிப்பின் விளைவு பின்னரே புலப்படுகிறது. இவ்வுலகம் தரவாயின் இங்கு நேர்வன யாவும் கணினி விளையாட்டில் நேர்வன போன்றவையே எனத் தாய்ச்சி கருதுகிறான், அச்சமின்றி முன்செல்கிறான். அவர்களது உடலும் அங்கு தரவே என்றும், அத்தரவு அழியின் அவர்களும் மெய்யாகவே அழிவர் என்றும் கோஷிரோ எச்சரிக்கும்போது, தோழி சோராவை மீட்க மின்வேலியைக் கடக்கவேண்டிய தறுவாயில் தாய்ச்சி உறைந்து நிற்கிறான். முந்தைய துணிவு துணிவன்று, அறியாமையே என்பதைக் கதை சொல்லாமற் சொல்கிறது. ‘வெறும் தரவு’ என்னும் தொடரிலுள்ள ‘வெறும்’ என்னும் சொல்லே இங்கு உடைபடுகிறது.

நிலமும் பொழுதும் இணைந்தே முதற்பொருள் ஆகும் என்னும் தமிழ்ப் பொருளிலக்கணக் கொள்கை இவ்விடத்தில் ஒரு கேள்வியை எழுப்ப உதவுகிறது: தரவு நிலத்துக்குரிய பொழுது யாது? நெடுநாள் அலைந்தபின் தோக்கியோ நகருக்கு மீளும் தாய்ச்சி, அங்கு தாங்கள் புறப்பட்ட அதே ஆகஸ்ட் 1 என்பதைக் காண்கிறான். அவ்வுலகின் காலம் பன்மடங்கு விரைகிறது. எனினும் அது பின்னோக்கிச் செல்வதில்லை. முந்தைய நிலைக்கு மீட்டெடுத்தல் கணினிக்கு மிக எளிய செயல். அதனை மட்டும் இத்தொடர் தன் உலகுக்கு மறுத்துவிடுகிறது. டெவிமோனை வீழ்த்தும் ஏஞ்ஜெமோன் தன் ஆற்றல் முழுவதையும் இழந்து முட்டையாகிறது. துணை மீண்டும் பிறந்தபின்னும் தக்கேரு என்னும் சிறுவனுக்குப் போர் குறித்த அச்சம் நீங்குவதில்லை. மீட்சி உண்டு, ஆயின் நடந்தது நடந்ததே.

சியாக்கி கோனகா தலைமை எழுத்தாளராக அமைந்த டேமர்ஸ், இம்மீட்சியையும் கைவிடுகிறது. இங்கு டிஜிமோன்கள் 1980களில் ஒரு பல்கலைக்கழக நிரலாளர் குழு உருவாக்கிய செயற்கை உயிர்களின் வழித்தோன்றல்கள். தோற்றதன் தரவை வென்றது உட்கொள்ளும். முட்டை இல்லை, ஊர் இல்லை. ஜூரி என்னும் சிறுமியின் துணையான லியோமோன், பீல்ஸெபுமோனால் கொல்லப்பட்டு மீளாமற் போகிறது. இளமையிலேயே தாயை இழந்த அவளுக்கு இது இரண்டாம் இழப்பு. அளவு மீறிய தரவை அழிப்பதற்கென எழுதப்பட்ட டி-ரீப்பர் என்னும் நிரல், அவளது துயரையே பற்றிக்கொண்டு மனிதரை அறிய முற்படுகிறது. உயிரற்ற நிரலுக்கு இழப்பு ஒரு செய்தி மட்டுமே. அதனால் அது ஜூரியின் உருவை எளிதில் படியெடுக்கிறது. தொடரின் மிகக் கொடிய கற்பனை இதுவே. படியெடுத்தல் இங்கு முதன்முறையாக அச்சத்தின் வடிவம் பெறுகிறது.

டி-ரீப்பரின் சிறையிலிருந்து ஜூரியை மீட்கப் பீல்ஸெபுமோன் மனம் திருந்தி வரும் காட்சி இவ்வகையில் தனித்த கவனத்துக்குரியது. சிறைச்சுவரை உடைக்க அது லியோமோனுக்கே உரிய தாக்குதலைப் பயன்படுத்துகிறது. உட்கொண்ட தரவில் அத்திறன் குறைவின்றி எஞ்சியிருக்கிறது. தரவு நோக்கில் லியோமோனின் ஒரு பகுதி அழியவே இல்லை என்றுகூடச் சொல்லலாம். கதை அவ்வாறு சொல்லவில்லை. கொன்றவனின் கையிலிருந்து எழும் அவ்வடிவத்தைக் கண்ட ஜூரி, சுவர் உடைந்த பின்னும் வெளியே வரத் தயங்கி உள்ளேயே நிற்கிறாள்.