காட்டி மறைக்கும் திரை

நுழையும்முன்

புதிய பொருளொன்று வாழ்க்கைக்குள் வரும்போது அதன் பெயரும் உடன் வருகிறது. அப்பெயரை அப்படியே ஏற்பதா, மொழிபெயர்ப்பதா, புதிதாகப் படைப்பதா என்னும் வினாவைத் தமிழ் ஒவ்வொரு காலத்திலும் எதிர்கொண்டுள்ளது. கணினியிலும் கைப்பேசியிலும் மென்பொருள் தொடங்கும்போது தோன்றி மறையும் ஒரு திரைக்குப் பெயரிடும் முயற்சியின் வழியாகக் கலைச்சொல்லாக்கத்தின் நெறிகளை இப்பாடம் விளக்குகிறது.

தியாகராய நகர்ப் பேருந்து நிலையத்தில் காத்திருக்கும் பயணி ஒருவர், கைப்பேசியில் ஒரு செயலியின் சின்னத்தைத் தொடுகிறார். செயலி உடனே பயன்பாட்டுக்கு வருவதில்லை. முதலில் வெறும் பின்னணி நிறமும் நடுவில் ஒரு சின்னமும் தோன்றுகின்றன. ஓரிரு நொடிகளில் அவை மறைய, செயலியின் முதற்பக்கம் விரிகிறது. தோன்றி மறைந்த அந்த இடைக்காட்சியையே ஆங்கிலத்தில் 'ஸ்பிளாஷ் ஸ்கிரீன்' என்பர். நாள்தோறும் பலமுறை காணும் காட்சியாயினும், அதன் பெயரையோ பயனையோ எண்ணிப் பார்ப்பவர் சிலரே.

திரைக்குப் பின்னால் நிகழ்வது

ஒரு மென்பொருள், பயன்படுத்தப்படாத வேளையில் கருவியின் சேமிப்பகத்தில் உறங்கிக் கிடக்கிறது. பயனர் அதனை அழைத்தவுடன், இயங்குதளம் அதன் தேவையான பகுதிகளைத் தற்காலிக நினைவகத்திற்குக் கொண்டுவருகிறது. எழுத்துருக்கள், படங்கள், பயனர் முன்பு செய்துவைத்த அமைப்புகள் ஆகியன ஒவ்வொன்றாகத் திரட்டப்படுகின்றன. இணையத்தின் துணை வேண்டப்படும் செயலியாயின் தொலைவிலுள்ள வழங்கியிலிருந்தும் தரவுகள் வந்துசேர வேண்டும்.

இப்பணிகள் முடியும்வரை திரை வெறுமையாக இருந்தால் என்னவாகும்? தொட்டது பதியவில்லை எனப் பயனர் கருதுவார். மீண்டும் மீண்டும் தொடுவார். கருவி பழுதடைந்துவிட்டது என்றும் அஞ்சுவார். மனிதரின் பொறுமைக்கும் கணினியின் மறுமொழி நேரத்திற்கும் உள்ள தொடர்பை ஜேக்கப் நீல்சன் என்னும் பயன்பாட்டியல் வல்லுநர் 1993இல் வெளியிட்ட நூலில் மூன்று எல்லைகளாக வகுத்துக் காட்டினார். 0.1 நொடிக்குள் மறுமொழி கிடைத்தால் அது உடனடியாக நிகழ்ந்ததாகத் தோன்றும். 1 நொடி வரையிலான தாமதம் உணரப்பட்டாலும் எண்ண ஓட்டத்தை அறுப்பதில்லை. 10 நொடிகளைக் கடந்தால் கவனம் வேறு செயலுக்குத் திரும்பிவிடும்.

'அழைப்பு கிடைத்தது, பணி நடக்கிறது, சற்றுப் பொறுக்க' என்னும் செய்தியைச் சொற்களின்றி உணர்த்துவதே அவ்விடைக்காட்சியின் முதன்மைப் பயன். ஓவிய மென்பொருளான கிம்ப், அலுவலக மென்பொருளான லிப்ரே ஆபிஸ் போன்றவை திறக்கும்போது, பணி எவ்வளவு முடிந்தது என்பதைக் காட்டும் பட்டையும் அத்திரையில் இடம்பெறும். மென்பொருளின் பெயரையும் பதிப்பையும் அறிவித்தல் அதன் இரண்டாவது பயன்.

சொல் பிறந்த வழி

'ஸ்பிளாஷ்' என்னும் ஆங்கிலச் சொல் நீர் தெறித்தலைக் குறிப்பது. செய்தித்தாள் உலகில் அது முதற்பக்கத்தில் பெரிதாக இடம்பெறும் தலைமைச் செய்தியைக் குறித்தது. அமெரிக்கச் சித்திரக்கதை இதழ்களில், கதையின் தொடக்கத்தில் பக்கம் முழுவதையும் நிரப்பி வரும் பெரிய ஓவியம் 'ஸ்பிளாஷ்' பக்கம் எனப்பட்டது. பார்த்தவுடன் கண்ணைக் கவர்தல் என்னும் பொருளே இவ்வழக்குகளில் மேலோங்கியுள்ளது. கணினித் துறையில் இச்சொல் பெற்ற பொருளை இவ்வழக்குகளின் நீட்சியாகக் கொள்ளலாம். எனவே, இச்சொல்லில் நீர் இல்லை, தெறிப்பும் இல்லை. எஞ்சியிருப்பது உவமையின் நிழல் மட்டுமே.

ஆங்கிலத்திலும் இப்பெயர் ஒருசீராக வழங்கவில்லை என்பது கருதத்தக்கது. 2021இல் வெளிவந்த ஆண்ட்ராய்டு 12 இயங்குதளம், இத்திரையை 'ஸ்பிளாஷ் ஸ்கிரீன்' என்னும் பெயரிலேயே எல்லாச் செயலிகளுக்கும் பொதுவாக்கியது. ஆப்பிள் நிறுவனமோ, ஐபோன் செயலிகளுக்கான தன் வழிகாட்டு நெறிகளில் 'லாஞ்ச் ஸ்கிரீன்' என்னும் பெயரைக் கையாள்கிறது. அதனை விளம்பரத்திற்கான இடமாகக் கருதக்கூடாது என்றும் அறிவுறுத்துகிறது. ஒரு பெயர் கண்ணைக் கவர்தலை முன்னிறுத்துகிறது. மற்றொன்று செயலைத் தொடங்குதலை முன்னிறுத்துகிறது. பெயர் மாறும்போது பொருளைப் பார்க்கும் பார்வையும் மாறுவதை இவ்வேறுபாடு புலப்படுத்துகிறது.

'திரை' என்னும் தமிழ்ச்சொல்

தமிழில் 'திரை' என்பது பலபொருள் ஒருசொல். கடலலை, தோலில் விழும் சுருக்கம், மறைப்பாகத் தொங்கும் துணி என அது பல பொருள் தரும். 'நரை, திரை' என்னும் தொடரில் வருவது சுருக்கம். அரங்கில் தொங்குவது மறைப்பு. சிலப்பதிகாரத்தின் அரங்கேற்று காதை, ஒருமுக எழினி, பொருமுக எழினி, கரந்துவரல் எழினி என மூவகை அரங்கத் திரைகளைக் குறிப்பிடுகிறது. தெருக்கூத்தில் இருவர் பிடித்திருக்கும் திரைக்குப் பின்னால் நின்று பாடித் தம் வருகையை உணர்த்திய பின்னரே வேடம் புனைந்தவர் அவைமுன் தோன்றுவார். இங்கெல்லாம் திரையின் தொழில் மறைத்தல்.

திரைப்படத்தின் வருகையால் இத்தொழில் தலைகீழாயிற்று. மறைத்த திரை, காட்டும் திரையாயிற்று. 1940இல் எஸ். எஸ். வாசன் சென்னையில் தொடங்கிய ஜெமினி ஸ்டுடியோவின் படங்கள், இரட்டைக் குழந்தைகள் குழலூதும் சின்னத்துடன் தொடங்கின. கதைக்கு முன் தோன்றி நிறுவனத்தை அறிவித்த அச்சின்னம், செயலியின் தொடக்கத்தில் தோன்றும் சின்னத்திற்கு உறவுடையது. ஆயினும் ஒரு வேறுபாடு உண்டு. படச்சின்னம் தோன்றும்போது அதன் பின்னால் எப்பணியும் நிகழ்வதில்லை. படம் ஏற்கெனவே முடிந்திருக்கிறது. செயலியின் சின்னமோ நிகழ்ந்துகொண்டிருக்கும் பணியை மறைத்து நிற்கிறது. கூத்துத் திரையைப்போல் மறைத்தலையும், படத்திரையைப்போல் காட்டலையும் அது ஒருங்கே செய்கிறது.

பெயர்களும் இடர்களும்

இத்திரைக்குத் தமிழில் பெயரிட முனைவோர் முன் பல வழிகள் உள்ளன.

ஆங்கிலச் சொல்லை அப்படியே எழுதுதல் முதல் வழி. பிறமொழிச் சொற்கள் தமிழில் வந்து வழங்குவதற்குத் தொல்காப்பியரே இடமளித்துள்ளார். இயற்சொல், திரிசொல், திசைச்சொல், வடசொல் எனச் சொற்களை நால்வகையாகப் பகுத்துள்ளார். ஆனால், மெய்யெழுத்து தமிழ்ச் சொல்லின் முதலில் வாராது. 'ஸ்பிளாஷ்' என்பது அம்மரபிலிருந்து விலகுவதோடு, அச்சொல்லை முதன்முதலில் கேட்கும் மாணவருக்குப் பொருள் எதனையும் உணர்த்துவதில்லை.

சொல்லுக்குச் சொல் பெயர்த்தல் இரண்டாம் வழி. அவ்வாறு பெயர்த்தால் 'தெறிப்புத்திரை' என்றாகும். இதனைக் கேட்பவர் கீழே விழுந்து உடைந்த கைப்பேசியின் திரையை எண்ணக்கூடும். மூலத்திலேயே நிழலாகிவிட்ட உவமையைப் பெயர்த்ததால் நேரும் இடர் இது.

பயனைக் கொண்டு பெயரிடுதல் மூன்றாம் வழி. 'முகப்புத்திரை', 'வரவேற்புத்திரை', 'தொடக்கத்திரை' ஆகியன இவ்வழியில் அமைபவை. இவற்றுள் 'முகப்பு' என்பது கட்டடத்தின் முன்புறத்தைக் குறிக்கும் இனிய சொல். ஆயினும், கைப்பேசியில் செயலிகளின் சின்னங்கள் வரிசையாக நிற்கும் நிலையான திரைக்கும், இணையத்தளத்தின் முதற்பக்கத்திற்கும் 'முகப்பு' ஏற்கெனவே வழங்குகிறது. மயிலாப்பூரின் பழைய வீடுகளில் திண்ணையைக் கடந்தால் ரேழி என்னும் இடைவழியும் அதற்கப்பால் முற்றமும் அமைந்திருக்கும். ரேழியில் எவரும் தங்குவதில்லை; கடந்தே செல்வர். கருதப்படும் திரையும் ரேழியைப் போன்றது. தங்கும் இடத்தின் பெயரைக் கடக்கும் இடத்திற்கு இடுவது மயக்கம் தரும். 'வரவேற்புத்திரை' என்பதும், பயனர் தம் பெயரும் கடவுச்சொல்லும் தந்து நுழையும் திரையோடு மயங்கக்கூடியது.

'தொடக்கத்திரை' என்பது பொருளைத் தெளிவாக உணர்த்துகிறது. ஆயினும் கருவிக்கு மின்னூட்டியவுடன் இயங்குதளம் எழும்போது தோன்றும் திரையையும் இதுவே குறிக்குமோ என்னும் ஐயம் எழும். அதனை 'இயங்குதளத் தொடக்கத்திரை' என அடைகொடுத்து வேறுபடுத்தலாம். மென்பொருள் ஒன்றைத் திறக்கும்போது, அது பயன்பாட்டுக்கு ஆயத்தமாகும்வரை தோன்றித் தானே மறையும் திரை 'தொடக்கத்திரை' என வரையறுத்துக்கொண்டால் மயக்கம் நீங்கும். ஒரு சொல் கலைச்சொல்லாவது அதன் அழகால் மட்டுமன்று. அதற்கு இடப்படும் எல்லையாலும்தான்.

சென்னை தரும் படிப்பினை

ஒரு பொருளுக்குப் பல பெயர்கள் இருப்பதில் தீங்கென்ன என்று வினவலாம். இலக்கியத்தில் அது வளம். கருவியில் அது தடை. இதற்குக் கணினித் தமிழின் வரலாறே சான்று. 1990களில் தமிழ் எழுத்துருக்களை உருவாக்கிய ஒவ்வொருவரும் தத்தமக்கெனக் குறியேற்ற முறையை வைத்திருந்தனர். ஒரு கணினியில் எழுதிய கட்டுரை மற்றொரு கணினியில் பொருளற்ற குறிகளாகத் தோன்றியது. 1999 பிப்ரவரியில் சென்னையில் நடைபெற்ற 'தமிழ்நெட் 99' மாநாடு இச்சிக்கலை ஆராய்ந்தது. 'தமிழ் 99' விசைப்பலகையும் பொதுக் குறியேற்ற முறைகளும் அதன் பயனாக உருப்பெற்றன. பின்னர் ஒருங்குறி பரவி, எழுத்துச் சிக்கல் பெரும்பாலும் தீர்ந்தது.

எழுத்தில் தீர்ந்த சிக்கல் சொல்லில் தொடர்கிறது. ஒரே மென்பொருளின் தமிழ்ப் பதிப்பில் ஓரிடத்தில் 'முகப்பு' என்றும், வேறோரிடத்தில் 'தொடக்கம்' என்றும், மற்றோரிடத்தில் 'வரவேற்பு' என்றும் ஒன்றையே குறித்தால், பயனர் தடுமாறுவார்; தமிழ் இடைமுகத்தைக் கைவிட்டு ஆங்கிலத்திற்கே திரும்பிவிடுவார். அவ்வாறு திரும்புபவர் மிகுந்தால் தமிழில் மென்பொருள் செய்வோரின் ஊக்கமும் குன்றும். ஒரு சிறு சொல்லின் தெளிவின்மை, ஒரு மொழி ஒரு துறையில் வழங்குவதற்கே தடையாகிவிடும்.

இத்தடையை நீக்கும் பணிகள் சென்னையின் தென்பகுதியில் நடைபெற்று வருகின்றன. கோட்டூர்புரத்தில் அமைந்துள்ள தமிழ் இணையக் கல்விக்கழகம், 2001இல் தமிழ் இணையப் பல்கலைக்கழகமாகத் தொடங்கப்பெற்றது. கணினித் தமிழ் வளர்ச்சிக்கும் மின்னூலாக்கத்திற்கும் பணியாற்றுகிறது. செந்தமிழ்ச் சொற்பிறப்பியல் அகரமுதலித் திட்டத்தைத் தமிழ்நாடு அரசு 1974இல் தொடங்கியது. அதன் முதல் இயக்குநர் மொழிஞாயிறு தேவநேயப் பாவாணர். அதன் இயக்ககம் இன்று 'சொற்குவை' இணையத்தளத்தின் வழியே துறைதோறும் கலைச்சொற்களைத் திரட்டித் தருகிறது. தரமணியில் இயங்கும் சி-டாக் நிறுவனத்தின் சென்னை மையம், இந்திய மொழிகளில் பயன்படுத்தத்தக்க 'பாஸ்' என்னும் கட்டற்ற இயங்குதளத்தை உருவாக்கியது.

சொல் நிலைபெறுதல்

நிறுவனங்கள் சொல்லைத் தரலாம். அதற்கு உயிர் தருவது மக்கள் வழக்கே. 'கம்ப்யூட்டர்' என்பதற்குக் கணிப்பொறி, கணிப்பான், கணனி, கணினி எனப் பல சொற்கள் வழங்கின. அவற்றுள் 'கணினி' சுருக்கத்தாலும் ஒலியெளிமையாலும் முன்வந்தது. மின்னஞ்சல், இணையம், கோப்பு, உலாவி, செயலி ஆகியனவும் இவ்வாறே நிலைபெற்றன. 1973இல் கட்டப்பெற்ற அண்ணா மேம்பாலத்தை, அருகிலிருந்த படப்பிடிப்பு நிலையம் மறைந்த பின்னரும் மக்கள் 'ஜெமினி மேம்பாலம்' என்றே வழங்குவது, வழக்கின் ஆற்றலை உணர்த்தும்.

எனவே, புதுச்சொல் படைப்போர் நான்கு வினாக்களை எழுப்பிக்கொள்ளுதல் நன்று. அப்பொருள் என்ன செய்கிறது? அதன் பயனைச் சொல் உணர்த்துகிறதா? அருகிலுள்ள பிற சொற்களோடு மயங்குகிறதா? நாவில் எளிதில் வழங்குமா? இவ்வினாக்களுக்கு விடை தரும் சொல், நாளடைவில் தன்னை ஒரு புதுச்சொல் என்று எவரும் உணராத அளவுக்கு இயல்பாகிவிடும். தன் பணி முடிந்ததும் ஓசையின்றி மறையும் தொடக்கத்திரையின் சிறப்பும் அத்தகையதே.

தெரிந்து தெளிவோம்

இயங்குதளத் தொடக்கத்திரை – கருவி எழும்போது தோன்றுவது.
தொடக்கத்திரை – மென்பொருள் ஆயத்தமாகும்வரை தோன்றித் தானே மறைவது.
பூட்டுத்திரை – கருவியைப் பிறர் திறவாமல் காப்பது.
முகப்புத்திரை – செயலிகளின் சின்னங்கள் நிலையாக நிற்பது.

சொல்லும் பொருளும்

எழினி – அரங்கத் திரை. ரேழி – வாயிலுக்கும் முற்றத்திற்கும் இடைப்பட்ட வழி. வழங்கி – பிற கணினிகளுக்குத் தரவு தரும் கணினி. இடைமுகம் – பயனரும் கருவியும் தொடர்புகொள்ளும் பகுதி.

புணர்ச்சி அறிவோம்

தொடக்கத்திரை = தொடக்கம் + திரை. நிலைமொழி ஈற்று மகரமெய் கெட்டு, வருமொழி முதலிலுள்ள வல்லினம் மிகுந்தது.

கற்பவை கற்றபின்

1. கைப்பேசியிலுள்ள ஐந்து செயலிகளின் தொடக்கத்திரைகளை உற்றுநோக்கி, அவை காட்டுவனவற்றை அட்டவணைப்படுத்துக.
2. இதுவரை தமிழ்ப்பெயர் நிலைபெறாத கணினிப் பயன்பாடு ஒன்றைத் தேர்ந்து, பாடத்தில் கூறப்பட்ட நான்கு வினாக்களின் துணையுடன் பெயரிட்டு வகுப்பில் கலந்துரையாடுக.

வினாக்கள்

குறுவினா: 'தெறிப்புத்திரை' என்னும் பெயர் பொருந்தாமைக்குக் காரணம் யாது?
சிறுவினா: படச்சின்னத்திற்கும் தொடக்கத்திரைக்கும் உள்ள ஒற்றுமை, வேற்றுமைகளை எழுதுக.
நெடுவினா: 'இலக்கியத்தில் வளம், கருவியில் தடை' – இக்கூற்றைக் கணினித் தமிழின் வரலாற்றைக் கொண்டு நிறுவுக.