எல்லை தாண்டி ஒரு நாள்: எந்த வழியில் போகலாம்?

பொங்கல் விடுமுறையில் கல்விச் சுற்றுலா போகப்போவதாக மூன்றாமாண்டு வரலாறு மாணவர்கள் நான்கு பேர் போன வாரம் வீட்டுக்கு வந்தார்கள். நான் ஓய்வுபெற்று ஆறு வருஷமாகிறது. ஆனாலும் பயணம் என்றால் பழைய வாத்தியாரைக் கேட்டுக்கொண்டு போகும் வழக்கம் எங்கள் துறையில் இன்னும் இருக்கிறது. கையில் ஒரு நோட்டீஸ். காசி, கயை, அயோத்தி; அதோடு "ஒரே நாளில் நேபாளம்". ஏன் நேபாளம் என்று கேட்டேன். சீனியர்கள் போட்ட ரீல்ஸில் பார்த்தானாம் ஒருவன். "வெளிநாடு போய்ட்டு வந்த மாதிரியும் இருக்கும் சார்" என்றான் இன்னொருவன். "அம்மா பசுபதிநாதரைக் கட்டாயம் பார்த்துட்டு வரணும்னு சொல்லிட்டாங்க" என்றாள் ஒரு பெண். நோட்டீஸில் இருந்த லும்பினியில் என்ன இருக்கிறது என்று கேட்டதற்கு, நான்கு பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

பசுபதிநாதர் இருப்பது காட்மாண்டுவில். சோனௌலி எல்லையிலிருந்து மலைப்பாதையில் ஒரு முழுப் பகல் போகவேண்டும். "ஒரே நாளில் நேபாளம்" என்று அச்சடித்தவர்கள் அதைச் சொல்லவில்லை. அந்தப் பெண்ணின் அம்மாவுக்கும் யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். இதை எழுத உட்கார்ந்தது அதனால்தான்.

காலையில் எல்லையைத் தாண்டி, கோயிலையோ பழைய இடத்தையோ பார்த்துவிட்டு, இருட்டுவதற்குள் திரும்புவதற்கு வடக்கே நமக்குச் சில வழிகள் உண்டு. பஞ்சாபில் கர்தார்பூர் பாதை. 2019 நவம்பர் 9 அன்று திறந்தார்கள். குருநானக் தம் கடைசி ஆண்டுகளைக் கழித்து 1539-ல் மறைந்த இடம் அது. விசா வேண்டாம், பாஸ்போர்ட்டும் முன்பதிவும் 20 டாலர் கட்டணமும் வேண்டும், போன அன்றே திரும்பிவிட வேண்டும். இவ்வளவு ஒழுங்கான ஏற்பாட்டை வேறு எல்லையில் நான் கேள்விப்பட்டதில்லை. ஆனால் 2025 மே மாதம் இந்தியத் தரப்பில் அதை மூடினார்கள். திறந்திருக்கிறதா என்று உறுதிசெய்யாமல் யாரும் அமிர்தசரஸுக்கு டிக்கெட் போடவேண்டாம்.

அடுத்தது ஜனக்பூர். சாமி கும்பிடத்தான் போகிறோம், அம்மாவுக்கு ஒரு கோயில் வேண்டும் என்றால் தயங்காமல் இதைச் சொல்வேன். பீகாரின் மதுபனி மாவட்டத்தில் ஜெய்நகர் என்று ஒரு சிற்றூர். அங்கிருந்து நேபாளத்துக்கு ரயில் போகிறது. பழைய குறுகிய பாதையை அகலப்பாதையாக மாற்றி, 2022 ஏப்ரலில் மறுபடி ஓடத் தொடங்கியது. 29 கிலோமீட்டர்தான். வயல்களுக்கு நடுவே போய், சீதை பிறந்த ஊர் என்று மக்கள் கொண்டாடும் இடத்தில் இறங்கலாம். ஜானகி கோயிலைப் பழங்காலக் கோயில் என்று நினைத்துக்கொண்டு போகவேண்டாம். 1910 வாக்கில் டிகம்கர் அரசி விருஷபானு கட்டியது. பார்க்க ஒரு வெள்ளை அரண்மனை போல இருக்கும். கம்பனின் மிதிலைக் காட்சிப் படலத்தைப் படித்தவர்கள் அந்த நகரத்தைத் தேடினால் கிடைக்காது. ஆனால் விவாக பஞ்சமி சமயத்தில் மணப்பெண் வீட்டார் போல ஊரே பரபரப்பதைப் பார்க்கலாம். வயதானவர்களோடு போவதற்கு இதைவிட நல்ல ஒரு நாள் பயணம் எனக்குத் தெரியவில்லை.

மூன்றாவது லும்பினி. இங்கேதான் நிறையச் சொல்லவேண்டியிருக்கிறது. ஏனென்றால் இங்கேதான் நம்மவர்கள் அதிகம் ஏமாறுகிறார்கள்.

லும்பினிக்குப் போவதில் இரண்டு விதம். ஒன்று, கோரக்பூரில் இரவு தங்கி அதிகாலையில் கிளம்புவது. இன்னொன்று, அந்த நோட்டீஸில் இருந்தது: காசியில் இரவு பஸ் ஏறி, லும்பினி பார்த்து, மறுநாள் விடிவதற்குள் காசிக்கே திரும்புவது. இந்த இரண்டாவதை எடுக்காதீர்கள். எவ்வளவு மலிவாகக் கொடுத்தாலும், பக்கத்து வீட்டுக்காரர் போய்வந்தேன் என்றாலும் எடுக்காதீர்கள்.

கணக்கைப் பாருங்கள். காசியிலிருந்து லும்பினி 300 கிலோமீட்டருக்கு மேல். நம்மூர் நால்வழிச்சாலைக் கணக்கு அங்கே செல்லாது. போக எட்டு ஒன்பது மணி நேரம், வர அவ்வளவு. நடுவில் எல்லை. இந்தியப் பதிவெண் உள்ள பஸ் நேபாளத்துக்குள் போக வேண்டுமென்றால் அங்கே சுங்கத்தில் வரி கட்டிச் சீட்டு வாங்கவேண்டும். டிரைவர்கள் அதை 'பன்சார்' என்பார்கள். அந்தச் சீட்டு அரை மணியில் கிடைப்பதும் அரை நாளில் கிடைப்பதும் அன்றைய கூட்டத்தைப் பொறுத்தது.

2012-ல் நானே அப்படி 41 மாணவர்களைக் கூட்டிக்கொண்டு போனேன். பஸ் ஏற்பாடு செய்தவர்கள் ஒரு காகிதத்தை மறந்துவிட்டிருந்தார்கள். காலை எட்டரைக்குச் சோனௌலி வந்தோம். இரண்டு பக்கமும் லாரிகள், நடுவில் எங்கள் பஸ். பன்னிரண்டு மணி வரை நகரவில்லை. பெண் பிள்ளைகள் கழிப்பறைக்கு ஒரு ஹோட்டல்காரரிடம் கெஞ்சவேண்டியிருந்தது. லும்பினியில் இறங்கும்போது இரண்டு மணி. நேபாளக் கடிகாரம் நம்முடையதைவிடக் கால் மணி முன்னால் ஓடும். அந்தக் கால் மணியும் போயிற்று. மூன்றுக்குக் கிளம்பினால்தான் விடிவதற்குள் காசி என்று டிரைவர் சொல்லிவிட்டார். கூட வந்த கைடு மாயாதேவி கோயிலுக்குள் எல்லோரையும் வரிசையாக நடக்கவிட்டு, கண்ணாடிக்குக் கீழே இருக்கும் கல்லைக் காட்டி, "புத்தர் பிறந்த இடம், புத்தர் பிறந்த இடம்" என்று சொல்லிக்கொண்டே வெளியே அனுப்பிவிட்டார். வெளியே அசோகர் தூண் நிற்கிறது. அதன் பக்கம் போனவர்கள் பத்துப் பேர்கூட இல்லை. மூன்று வருஷம் நான் பாடம் நடத்திய பிள்ளைகள் அவர்கள். அந்தத் தூணுக்காகத்தான் அவர்களை அங்கே அழைத்துப்போயிருந்தேன். திரும்பும் வழியில் பஸ்ஸில் யாரும் பேசவில்லை, அசதியில் தூங்கிப்போனார்கள். அதை என்னால் இன்றுவரை மறக்க முடியவில்லை.

2016-ல் வேறு விதமாகப் போனோம். பதினோரு பேர் மட்டும். கோரக்பூரில் தங்கி, காலை நான்கரைக்கு இரண்டு வண்டிகளில் கிளம்பினோம். சோனௌலியில் வண்டிகளை விட்டுவிட்டு எல்லையை நடந்தே தாண்டினோம். இந்தியருக்கு விசா கிடையாது. நடந்துபோவதில் பன்சாரும் கிடையாது. அந்தப் பக்கம் பேலஹியாவில் நேபாள வண்டி பேசினோம். பைரஹவா வழியாக 25 கிலோமீட்டரைத் தாண்டி ஒன்பதரைக்கெல்லாம் தோட்டத்துக்குள் இருந்தோம்.

அன்று ஒரு பையன், தமிழ்ப் பிராமி எழுத்தை வகுப்பில் ஆர்வமாகப் படித்தவன், தூணைச் சுற்றியிருந்த கம்பி வேலியைப் பிடித்துக்கொண்டு நின்றான். மொத்தம் ஐந்து வரிகள். அவன் நான்காம் வரியில் விரலை நீட்டி, "லு... மி... நி... சார், லும்மினி!" என்று கத்தினான். அந்த ஊரின் பெயர், 2200 ஆண்டுகளுக்கு முன் அந்தக் கல்லில் வெட்டியது. மாங்குளத்திலும் மதுரைக் குன்றுகளிலும் பார்த்த அதே குடும்பத்து எழுத்து. பிறகு முதல் வரிக்குப் போய், ரகரம் இருக்கவேண்டிய இடத்தில் 'லாஜின' என்று இருப்பதேன் என்று கேட்டான். கிழக்குப் பகுதிப் பேச்சில் ரகரம் லகரமாகிவிடும் என்று சொன்னேன். அசோகர் பட்டம் சூட்டிக்கொண்ட இருபதாம் ஆண்டில் நேரே வந்து வழிபட்டதும், புத்தர் பிறந்த ஊர் என்பதற்காக வரியை நீக்கி, விளைச்சலில் எட்டில் ஒரு பங்கு கொடுத்தால் போதும் என்று குறைத்ததும் அந்த ஐந்து வரிக்குள் இருக்கிறது. நாற்பது நிமிஷம் அந்தத் தூணடியிலேயே போயிற்று. யாரும் அவசரப்படுத்தவில்லை.

1896-ல் அந்தத் தூணின் எழுத்து வெளிப்பட்ட பிறகுதான் உலகம் இந்த இடத்தை மறுபடி அடையாளம் கண்டது. 1997-ல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது. கோயிலுக்கு அடியில் தோண்டியபோது, அசோகர் காலத்துச் செங்கல்லுக்கும் கீழே ஒரு மரக் கட்டுமானத்தின் தடயங்கள் கிடைத்ததாக 2013-ல் அறிவித்தார்கள். இவ்வளவும் தோட்டத்தின் தென்கோடியில் ஒரு சிறு பரப்புக்குள் அடங்கிவிடும். மற்றதெல்லாம், கென்சோ தாங்கே 1978-ல் முடித்துக் கொடுத்த திட்டப்படி மூன்று மைல் நீளத்துக்கு விரியும் தோட்டமும், கால்வாயின் இரு பக்கமும் பல நாட்டவர் கட்டிய விகாரங்களும். ரீல்ஸில் வருபவை அந்த விகாரங்கள்தான். அழகானவை, மறுக்கவில்லை. நேரம் மிச்சமிருந்தால் பாருங்கள்.

என்னைக் கேட்டால், மிச்சமிருக்கும் நேரத்தைத் திலௌராகோட்டுக்குக் கொடுப்பேன். லும்பினிக்கு மேற்கே 25 கிலோமீட்டருக்குச் சற்று மேல். கபிலவஸ்து இதுதான் என்று நேபாளத்தில் சொல்கிறார்கள். பெரிய மரங்களின் நிழலில் செங்கல் அடித்தளங்கள், அகழி, மதில், கிழக்கு வாசல். அந்த வாசல் வழியாகத்தான் சித்தார்த்தர் வீட்டைவிட்டுப் போனார் என்கிறார்கள். நாங்கள் போனபோது மாடு மேய்த்துக்கொண்டிருந்த ஒரு பெரியவரைத் தவிர யாருமில்லை. அந்த வாசலில் உட்கார்ந்திருந்த அரை மணி நேரத்துக்காகவே நான் மறுபடி இரண்டு தடவை போயிருக்கிறேன். இது என் விருப்பம். இடிந்த சுவரைப் பார்த்தால் சலிப்பு வருகிறவர்கள் விகாரங்களுக்கே போகலாம்.

கைடு விஷயத்தில் ஒரு வார்த்தை. பயணக் கம்பெனி கூட அனுப்பும் ஆளைவிட, லும்பினி வாசலில் பேசிக்கொள்ளும் உள்ளூர்க்காரர் மேல். பேசும்போதே ஒரு கேள்வி கேளுங்கள்: கபிலவஸ்து திலௌராகோட்டா, இந்தியப் பக்கத்தில் இருக்கும் பிப்ராவாவா? பிப்ராவாவில் 1898-ல் சாக்கியர் பெயர் பொறித்த அஸ்திப் பேழை கிடைத்தது. அந்த வாதத்துக்கும் பலம் உண்டு. இரண்டு பக்கமும் சொல்கிறவரை அழைத்துக்கொள்ளுங்கள். ஒரே வரியில் முடித்துவிடுகிறவர் தூணையும் ஒரே வரியில் முடித்துவிடுவார்.

எல்லை தாண்டவே முடியாதவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். கோரக்பூருக்குக் கிழக்கே ஐம்பது கிலோமீட்டர் சொச்சத்தில் குசிநகர் இருக்கிறது. ஆறு மீட்டர் நீளத்துக்குச் சாய்ந்து கிடக்கும் புத்தர் சிலையின் தலைமாட்டில் ஒருமுறையும், கால்மாட்டில் ஒருமுறையும் நின்று பாருங்கள். அதற்குப் பாஸ்போர்ட் வேண்டாம்.

பிள்ளைகளுக்கும் பெற்றோருக்கும் நான் சொல்வது இதுதான். யார் போனார்கள் என்று பார்த்து வழியைத் தேர்ந்தெடுக்காதீர்கள். உங்களுக்கு எதில் மனம் நிற்கிறதோ அதைத் தேடுங்கள். எழுத்தில் நாட்டமுள்ளவன் தூணுக்குப் போகட்டும், பக்தியுள்ளவர் ஜனக்பூருக்குப் போகட்டும். ஒரு நாளில் மூன்று இடம் என்பதை இரண்டாக்குங்கள். இரண்டை ஒன்றாக்கினாலும் நஷ்டமில்லை. மணிமேகலையைப் பாடமாகப் படித்த பிள்ளைகள் அந்த மண்ணில் முக்கால் மணி நேரம் நின்றுவிட்டு வரக்கூடாது. அதற்கு ஒரு வருஷம் காத்திருந்து போனாலும் சரி.

அந்த நால்வரிடமும் பொங்கலுக்குப் போகாதீர்கள் என்றேன். ஜனவரியில் அங்கே பத்தடி தள்ளி நிற்பவர் தெரியாத பனிமூட்டம். ரயில்கள் மணிக்கணக்கில் தாமதமாகும். மே மாதம் வெயில் தாங்காது. பிப்ரவரி கடைசி, அல்லது தீபாவளியை ஒட்டி. கோவை வழியாகப் போகும் ராப்திசாகர் கோரக்பூரிலேயே இறக்கிவிடும். நூறு ரூபாய்த் தாள்களாக வைத்துக்கொள்ளுங்கள். நம் 100 அங்கே 160. இலங்கை, மலேசியப் பாஸ்போர்ட்டில் வருகிற உறவினர் கூட வந்தால், அவருடைய இந்திய விசா பலமுறை நுழைய அனுமதிப்பதுதானா என்று முதலில் பாருங்கள். இல்லையென்றால் அவர் எல்லையிலேயே நின்றுவிட வேண்டியிருக்கும்.

கடைசியாக, நான்கு பேரிடமும் அடையாள அட்டை கேட்டேன். நான்கும் ஆதார். நேபாளத்துக்குள் போக நடுவயதுக்காரருக்கும் இளைஞருக்கும் ஆதார் செல்லாது. பாஸ்போர்ட் அல்லது வாக்காளர் அட்டை வேண்டும். பதினெட்டு முடிந்த பிள்ளைகளே, டிக்கெட் போடுவதற்கு முன் வாக்காளர் அட்டைக்கு விண்ணப்பித்துவிடுங்கள்.