மூஞ்சூறு எலி அல்ல

தானியம் சேமித்து வைக்கும் வீடுகளில் மூஞ்சூறை எலி என்று எண்ணி அடித்துக் கொல்வதுண்டு. அது தவறு. மூஞ்சூறு, வெண்பல் மூஞ்சூறு வகையைச் சேர்ந்த பூச்சியுண்ணி.

எலியின் முன்பற்கள் உளி போன்றவை, வளர்ந்துகொண்டே இருக்கும். அதனால் சாக்கு, கதவு எல்லாவற்றையும் கடிக்கும். மூஞ்சூறின் பற்கள் கூரியவை. பூச்சியின் ஓட்டை நொறுக்க ஏற்றவை. நீண்ட மூக்கு, மிகச் சிறிய கண், விலாச் சுரப்பியிலிருந்து வரும் கஸ்தூரி நெடி ஆகியவை இதன் அடையாளங்கள்.

இரவில் சுவரோரமாக ஓடிக் கரப்பான், சுவர்க்கோழி, வண்டு ஆகியவற்றைத் தின்னும். உடல் சிறியதாதலால் அடிக்கடி இரை தேவை. சினைக்காலம் சுமார் 30 நாட்கள். குட்டிகள் ஒன்றன் வாலடியை மற்றொன்று கவ்வி, தாயின் பின்னே வரிசையாகச் செல்லும்.

விவசாயிகள் கவனிக்க வேண்டியவை:

1. எலிக்கு வைக்கும் விஷ உணவில் கருவாடு சேர்க்காதீர்கள். அது மூஞ்சூறையும் இழுக்கும்.

2. பொறியில் மூஞ்சூறு சிக்கினால், கையால் தொடாமல் வெளியே விட்டுவிடுங்கள். அதன் உடலில் தெள்ளுப்பூச்சி இருக்கலாம்.

3. மீன், இறைச்சியை மூடி வையுங்கள், அவற்றையும் தின்னும்.

சாக்கில் ஓட்டை விழுந்தால், எலியைத் தேடுங்கள், மூஞ்சூறை விட்டுவிடுங்கள்.