நீலகிரிக் கல்வட்டங்களும் ஆவணப்படக் கலையும்

எழுத்துச் சான்றுகளை மிகுதியாக விட்டுச் செல்லாத மக்களின் வரலாற்றைத் திரையில் காட்டுவது எங்ஙனம்? கெல்ட்டியர் என்னும் ஐரோப்பியத் தொல்குடியினரைப் பற்றிப் பி.பி.சி. 1987இல் ஒளிபரப்பிய தொடர் இவ்வினாவை எதிர்கொண்டது. அதற்கு என்யா அமைத்த இசை தனித்தொகுப்பாகவும் வெளிவந்து புகழ் பெற்றது. காட்சியும் இசையும் இணையும்போது பழமை உயிர் பெறுகிறது என்பதில் ஐயமில்லை. ஆனால், உயிர் பெறுவது உண்மையா, கற்பனையா என்பதே நம் கேள்வி.

இக்கேள்விக்கு நம் நீலகிரியே பாடமாக அமைகிறது. அம்மலையின் முகடுகளில் கல்வட்டங்களும் கற்குவைகளும் உள்ளன. காங்கிரீவ் என்னும் ஆங்கிலப் படை அதிகாரி 1847இல் அவற்றை ஆராய்ந்து, அங்கு வாழும் தோடர்கள் கெல்ட்டிய–சித்தியர் வழிவந்தோர் என எழுதினார். பிரிட்டனின் கல்வட்டங்களையே கெல்ட்டியப் பூசாரிகளின் படைப்பென்று பலர் நம்பிய காலம் அது. இன்றோ, ஸ்டோன்ஹெஞ்ச் ஏறத்தாழ கி.மு. 3000இல் தொடங்கப்பெற்றது என்றும், கெல்ட்டியப் பண்பாடு அதற்கு ஈராயிரம் ஆண்டுகளுக்குப் பின்னரே தோன்றியது என்றும் அறிகிறோம். ஒப்புமை ஒன்றே உறவுக்குச் சான்றாகாது.

நீலகிரியின் முதல் ஆணையரான பிரீக்ஸ் அகழ்ந்தும் தொகுத்தும் எழுதிய நூல், அவர் மறைவுக்குப் பின் 1873இல் வெளிவந்தது. எருமை, குதிரை முதலிய உருவங்கள் அமைந்த மூடிகளையுடைய மட்கலங்கள், வெண்கலக் கிண்ணங்கள், இரும்புக் கருவிகள், பொன்னணிகள் ஆகியன அக்குவைகளிலிருந்து கிடைத்தன. அவற்றுட் சில சென்னை எழும்பூர் அருங்காட்சியகத்திலும், சில இலண்டனிலும் உள்ளன.

இவற்றைப் படமாக்க விழைவோர் மூன்றினை மனங்கொள்ளல் வேண்டும். முதலாவது, மலையில் உள்ள கல்வட்டத்தையும் எழும்பூரில் உள்ள கலத்தையும் அடுத்தடுத்துக் காட்டிப் பிரிந்தவற்றை இணைத்தல். இரண்டாவது, கிடைத்த பொருள் இது, நம் ஊகம் இது எனக் காண்போர் உணருமாறு பிரித்துரைத்தல். மூன்றாவது, இன்று வாழும் தோடரைப் பண்டைய மாந்தராக வேடம் புனைவியாது, அவர்தம் கருத்தை அவர் வாய்மொழியாகவே கேட்டல்.

நூலிலுள்ள பிழையை மற்றொரு நூல் திருத்தலாம். கண்ணில் பதிந்த பொய்க்காட்சியை அகற்றுதல் அரிது. ஆதலின், ஒளிப்படக் கருவியை ஏந்துமுன் சான்றினை ஆராய்தல் நம் மாணவர்தம் கடமையாகும்.